குறுக்குக் கோட்டுக்குப் பெயர் பயாதேர்!

முகூர்த்த நாளில் திருவந்திபுரத்துக்குப் போகிறவர்கள் விடிவதற்கு முன்பே போய்விடுவது நல்லது. கடலூர் திருப்பாதிரிப்புலியூரிலிருந்து மேற்கே ஐந்தாறு கிலோமீட்டர்தான். ஆனால் அந்தச் சாலையை வேன்களும் ஷேர் ஆட்டோக்களும் மாலை கட்டிய கார்களும் அடைத்துக்கொண்டால், தாலி கட்டும் நேரத்துக்குப் போய்ச் சேருவது கஷ்டம். நல்ல முகூர்த்தம் என்றால் ஒரே நாளில் நூறு கல்யாணத்துக்கு மேல் நடக்கிற ஊர் இது. தேவநாத சுவாமி கோயிலுக்கு எதிரே இருக்கும் ஔஷதகிரி என்ற சின்ன மலையில், ஒரு ஜோடிக்குக் கொட்டிய கெட்டிமேளம் அடங்குவதற்குள் அடுத்த ஜோடிக்கு மேளம் தொடங்கிவிடும். நம் மாப்பிள்ளைக்கு எந்த மேளம் என்று கண்டுபிடிப்பது சொந்தக்காரர்கள் பாடு.

மலைக்கு 74 படிகள். மேலே ஹயக்ரீவர். பரீட்சைக் காலத்தில் பேனாவும் ஹால் டிக்கெட்டுமாகப் பிள்ளைகள் வருவார்கள். வேதாந்த தேசிகர் பல ஆண்டுகள் தங்கியிருந்த ஊர். அவரே வெட்டியது என்று சொல்லப்படும் கிணறு இங்கே இருக்கிறது. திருமங்கையாழ்வார் பாடியதால் 108 திவ்ய தேசங்களில் ஒன்று. திருப்பதிக்கு வேண்டிக்கொண்டு போக முடியாதவர்கள் இங்கே முடியிறக்கிக் கொள்வதும் உண்டு. கோயிலை ஒட்டிக் கெடிலம் ஓடுகிறது. திருவஹீந்திரபுரம் என்று புத்தகங்கள் எழுதும். பஸ் கண்டக்டருக்குத் திருவந்திபுரம்தான்.

இதெல்லாம் எல்லோரும் சொல்வது. அவ்வளவாகப் பேசப்படாத ஒன்று, அந்தப் படிகளில் ஏறும்போது கண்ணெதிரிலேயே இருக்கிறது.

படியேறும்போது முன்னால் போகிறவரின் முதுகுதானே கண்ணில் படும்? கல்யாணக் கூட்டத்தில் அது பெரும்பாலும் ஒரு பட்டு முந்தானை. அரக்கு, மாம்பழ மஞ்சள், மயில் கழுத்து நிறம் என்று எதுவாக இருந்தாலும், முந்தானைக்கு வந்ததும் ஜரிகையோ வேறு நிற இழையோ குறுக்கே பட்டை பட்டையாக ஓடும். ஓரிடத்தில் அகலம், ஓரிடத்தில் மெலிசு. இந்த மாதிரிக் குறுக்குக் கோட்டுக்குத் தமிழில் தனிப்பெயர் கிடையாது. ‘முந்தியில் கோடு போட்டது’ என்பதோடு சரி. பிரெஞ்சில் உண்டு. அதன் பெயர் ‘பயாதேர்’.

அந்தப் பெயருக்கும் இந்த ஊருக்கும் ஒரு பழைய தொடர்பு இருக்கிறது.

ஒரு சொல், மூன்று பொருள்

ஆங்கில, பிரெஞ்சு அகராதிகளில் ‘பயாதேர்’ என்ற சொல்லைத் தேடினால் முதலில் வருவது ‘இந்திய நடனப்பெண்’. அடுத்தது, ஒன்றோடொன்று ஒட்டாத பளிச் நிறங்களில் குறுக்குக் கோடுகள் போட்ட துணி. நகை வியாபாரிகளைக் கேட்டால் மூன்றாவதாக ஒன்றைச் சொல்வார்கள்: பொடி முத்துகளைச் சரம் சரமாக முறுக்கி, இரு முனையிலும் குஞ்சம் தொங்கவிட்ட நீளமான மாலை. அதற்கும் பயாதேர் என்றே பெயர்.

இன்றைக்கு ஆங்கிலத்தில் இந்தச் சொல்லைப் பேச்சில் கேட்பது அபூர்வம். துணி வடிவமைப்புப் படிக்கிறவர்களும் குறுக்கெழுத்துப் பிரியர்களும் அறிந்திருப்பார்கள். பிரான்சில் அவ்வளவு மறையவில்லை. பல நிறக் கோடு போட்ட மேஜை விரிப்பு, திரைச்சீலை என்று வாங்கப் போகிறவர்களுக்கு ‘பயாதேர் கோடு’ என்றால் புரியும்.

சொல்லின் பிறப்பு பிரான்சும் இல்லை, தமிழ்நாடும் இல்லை. போர்ச்சுக்கீசிய மொழியில் ‘பைலார்’ என்றால் ஆடுவது. ‘பைலாதெய்ரா’ என்றால் ஆடுகிறவள். மேற்குக் கரையில் வந்து இறங்கிய போர்ச்சுக்கீசியர், கோயில்களிலும் விழாக்களிலும் ஆடிய பெண்களைப் பார்த்து, தங்கள் மொழியில் தெரிந்த அந்தப் பொதுச் சொல்லாலேயே அழைத்தார்கள். அது பிரெஞ்சுக்காரர் வாயில் ‘பயாதேர்’ ஆயிற்று. பைலாருக்கு மூலமான பழைய லத்தீன் சொல்லிலிருந்து வந்த இன்னொரு சொல் ‘பாலே’. வார்த்தைக் கணக்கில் பார்த்தால் பாரிஸ் மேடையில் விரல் நுனியில் நின்று சுழன்றவளும், திருவந்திபுரத்துச் சன்னதியில் ஆடியவளும் அக்கா தங்கைகள்.

ஐரோப்பியக் கவிஞர்களுக்கு இந்தப் பெயர் மிகவும் பிடித்துப்போயிற்று. ஜெர்மானியக் கவி கெதே 1797-இல் ஒரு பயாதேரைப் பற்றிப் பாட்டு எழுதினார். 1830-இல் பாரிஸ் ஓபராவில் ‘கடவுளும் பயாதேரும்’ என்ற இசை நாடகம் வந்தது. அந்தக் காலத்தின் புகழ்பெற்ற பாலே நடனக்காரி மரீ தல்யோனி அதில் பயாதேராக ஆடினார். இவர்களில் யாரும் இந்தியாவுக்கு வந்ததில்லை. வெள்ளைச் சல்லாத் துணியும் பெருமூச்சும் சேர்த்துத் தாங்களாகவே ஒரு பெண்ணைச் செய்துகொண்டார்கள். பாரிஸ் ரசிகர்களுக்கு பயாதேர் என்றால் அந்தப் பெண்தான்.

அசல் பயாதேர் அங்கே போய் இறங்கியது எட்டு வருடம் கழித்து, 1838-இல். போனவர்கள் திருவந்திபுரத்துக்காரர்கள்.

‘அம்’ எல்லாம் ‘ஊன்’ ஆன கதை

திருவந்திபுரம் அன்றைக்கு வெள்ளைக்காரக் கம்பெனியின் ஆட்சியில் இருந்தது. கடலூருக்குப் பக்கத்தில் தேவனாம்பட்டினத்தில் ஆங்கிலேயரின் செயின்ட் டேவிட் கோட்டை. வடக்கே முப்பது கிலோமீட்டருக்குள் புதுச்சேரி, அது பிரெஞ்சுக்காரர் கையில். தார்திவெல் என்ற பிரெஞ்சு வியாபாரி அங்கிருந்து இந்த ஊர் நடனக்குழுவோடு ஒப்பந்தம் போட்டார். ஐந்து பெண்கள், மூன்று வாத்தியக்காரர்கள். பெண்களில் மூத்தவருக்கு வயது 30. கடைசிக் குட்டிக்கு 6.

புதுச்சேரியில் அப்போது கப்பல் வந்து அணையும் துறை இல்லை. கப்பல் தூரத்தில் நங்கூரம் போட்டிருக்கும். அலை அடிக்கிற கரையிலிருந்து படகில் ஏறி, நனைந்துகொண்டே போய்க் கப்பலில் ஏற வேண்டும். சூயஸ் கால்வாய் திறப்பதற்கு முப்பது வருடம் முந்தைய காலம் அது. ஆப்பிரிக்காவின் தென்முனையைச் சுற்றிக்கொண்டுதான் ஐரோப்பாவுக்குப் போக முடியும். மாதக்கணக்கில் கடல். ஆறு வயதுப் பிள்ளையையும் வைத்துக்கொண்டு அந்தப் பெண்கள் அந்த மாதங்களை எப்படிக் கழித்தார்கள் என்பதை யாரும் எழுதி வைக்கவில்லை. அவர்கள் போர்தோ துறைமுகத்தில் இறங்கிய பிறகுதான் பத்திரிகைகள் பேனாவை எடுத்தன.

எடுத்த வேகத்தில் பெயர்களைப் பிழையாக எழுதின. தில்லே, அமனி, சவுந்திரூன், ராம்கூன், வேய்தூன். படித்துப் பார்த்தால் எங்கோ ஒரு தீவில் பிறந்தவர்களைப் போலிருக்கும். கொஞ்சம் நிதானித்தால் விஷயம் பிடிபடும். தில்லே தில்லம்மாள். அமனி அம்மணி. ராம்கூன் ரங்கம். வேய்தூன் வேதம். சவுந்திரூன், சுந்தரமாகவோ சவுந்தரமாகவோ இருக்க வேண்டும். தமிழில் ‘அம்’ என்று முடியும் பெயரெல்லாம் பிரெஞ்சுக் காதில் ‘ஊன்’ என்று விழுந்திருக்கிறது. வாத்தியக்காரர்களில் ராமலிங்கத்தின் பெயர் மட்டும் எப்படியோ தப்பித்தது. இன்னொருவர் ‘தெவனயகோர்ன்’. தேவநாயகம்! திருவந்திபுரத்துப் பெருமாளுக்கே தேவநாயகன் என்ற பெயர் உண்டு. வேதாந்த தேசிகர் அந்தப் பெயரில்தான் இங்கே ‘தேவநாயக பஞ்சாசத்’ பாடினார். ஊர்ப் பெயரும் பத்திரிகைகளில் ‘திண்டிவினபுரம்’ என்று ஆகிவிட்டது. கேட்டவுடன் திண்டிவனம் ஞாபகம் வரும். ஆனால் பின்னால் ஆராய்ந்தவர்கள் காட்டுவது திருவந்திபுரத்தை.

பாரிசில் அவர்களைத் தங்கவைத்த தெருவின் பெயர் ‘அலே தே வவ்’. தமிழில் சொன்னால், கைம்பெண்கள் சாலை. ஷான்செலிசேக்குப் பக்கத்தில், அப்போது ஆளரவம் குறைந்த இடம். 1850-இல் அதன் பெயரை மாற்றிவிட்டார்கள். இன்றைய பெயர் மோந்தேஞ் அவென்யூ. உலகத்திலேயே விலை உயர்ந்த உடைகள் விற்கிற தெருக்களில் ஒன்று. கிறிஸ்தியான் தியோர் தன் கடையைத் திறந்தது இந்தத் தெருவின் 30-ஆம் எண்ணில்தான். அங்கே கண்ணாடி ஜன்னல்களில் கோடு போட்ட துணியைப் பார்த்துக்கொண்டு நடக்கிறவர்கள், பயாதேர்கள் குடியிருந்த தெருவிலேயே நடக்கிறோம் என்று நினைத்திருக்க மாட்டார்கள்.

அந்த வீட்டுக்குத் தேடி வந்து பார்த்தவர்களில் ஒருவர் எழுத்தாளர் தியோஃபில் கோத்தியே. அவர் அசந்துபோய்விட்டார். அதிலும் பதினெட்டு வயது அம்மணியின் ஆட்டத்தைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதினார். கால் நுனியில் எம்பிக் குதிப்பதுதான் நடனம் என்று பழகிய ஊரில், காலைத் தட்டையாகத் தரையில் ஊன்றி, கண்ணும் கழுத்தும் விரலும் சேர்ந்து ஆடியது புதுமை. வெள்ளை மஸ்லின் துணி ஒன்றைப் பிடித்துக்கொண்டு சுழன்று, சுழலும்போதே அதை மடித்து மடித்துப் புறா உருவம் செய்து காட்டும் ஆட்டமும் உண்டு. அதைப் பார்த்த பாரிஸ்காரர்கள் மூச்சுவிட மறந்திருப்பார்கள்.

லூயி பிலிப் மன்னர் முன்னால் துய்லரி அரண்மனையில் ஆடினார்கள். பிறகு பொதுமக்களுக்காக வரியேத்தே தியேட்டரில். முன்பக்கம் தூண்கள் வைத்த அந்த அரங்கு மொன்மார்த்ர் புல்வாரில் இன்றும் நாடகம் நடத்திக்கொண்டிருக்கிறது. அதை ஒட்டி, கண்ணாடிக் கூரை போட்ட ‘பசாஜ் தே பனோரமா’ என்ற பழைய கடைச்சந்து. அந்தச் சந்து 1838-க்கும் முந்தியது. ஆட்டம் பார்த்துவிட்டு வெளியே வந்த கூட்டம் அதற்குள்ளும் நுழைந்திருக்கும்.

எல்லோருக்கும் பிடித்தது என்று சொல்ல முடியாது. தல்யோனி மாதிரி மிதந்து வரும் தேவதையை எதிர்பார்த்து டிக்கெட் வாங்கியவர்களுக்கு, கறுத்த மேனியும் மூக்குத்தியும் சலங்கையுமாக எதிரே வந்து நின்ற மனுஷிகள் ஏமாற்றமாக இருந்திருக்கலாம். பொய்யான பயாதேரைக் காட்டிய ஓபராவுக்குக் கூட்டம் குறையவில்லை. அந்த வருடமே ஷான் ஒகுஸ்த் பார் என்ற சிற்பி அம்மணியைச் சின்ன வெண்கலச் சிலையாக வடித்தார். தல்யோனிக்குச் சிலை செய்ததும் அதே கைதான்.

அக்டோபரில் லண்டன், ஸ்ட்ராண்ட் சாலையின் அடெல்ஃபி தியேட்டர். அதன் பிறகு வேறு ஊர்கள். அப்புறம் பத்திரிகைகளுக்கு ஆர்வம் குறைந்துவிட்டது. லண்டனின் பனிமூட்டத்தில் மனம் உடைந்து அம்மணி தன் உயிரை மாய்த்துக்கொண்டதாகப் பிற்பாடு கோத்தியே எழுதினார். பக்கம் பக்கமாக வர்ணித்தவர் அந்தச் செய்தியைப் போகிற போக்கில்தான் சொன்னார்.

ஆடியவர் போனார், கோடு நின்றது

துணிக்கு இந்தப் பெயர் வந்தது இந்த ஐந்து பெண்களால் மட்டும் என்று சொன்னால் அது மிகை. ‘கீழ்த்திசை ஆட்டக்காரி’ என்றதும் ஐரோப்பா மனதில் ஓடிய பளபளப்பும் நிறச் சேர்க்கையும் முன்பே இருந்தன. அந்தப் படம்தான் துணியில் ஒட்டிக்கொண்டது. நீளமான பட்டு மேலாடைக்கும் அந்தப் பெயர், முத்துமாலைக்கும் அந்தப் பெயர். 1850-களில், கூண்டு மாதிரி வளையம் வைத்த பெரிய பாவாடைகள் ஐரோப்பாவில் நாகரிகமாக இருந்தபோது பயாதேர் கோடு உச்சத்துக்குப் போனது. இடுப்பிலிருந்து தரை வரை, ஒன்றன்கீழ் ஒன்றாகச் சுற்றி ஓடும் வண்ண வளையங்கள். சீமாட்டிகள் தையற்காரரிடம் ‘பயாதேர் கோட்டில் ஒன்று’ என்று சொல்லித் தைத்துக்கொண்டார்கள். ஓர் அசல் பயாதேரைத் தங்கள் வீட்டு நாற்காலியில் உட்கார வைத்திருப்பார்களா என்பது வேறு கேள்வி.

இதில் இன்னொரு வேடிக்கை. ஐரோப்பாவில் நெடுங்காலம் கோடு போட்ட துணிக்கே கெட்ட பெயர். மிஷேல் பஸ்தூரோ என்ற பிரெஞ்சு வரலாற்றாசிரியர் இதற்கென்றே ஒரு புத்தகம் எழுதியிருக்கிறார். கோமாளி, தண்டனைக்காரன், வேசி என்று சமூகம் ஒதுக்கி வைத்தவர்களைச் சட்டென்று அடையாளம் காட்டக் கோட்டுத் துணி பயன்பட்டது. 13-ஆம் நூற்றாண்டில் பாரிசுக்கு வந்த கார்மலைட் துறவிகள் கோடு போட்ட அங்கி அணிந்திருந்ததால் தெருவில் கேலிக்கு ஆளானார்கள். கடைசியில் அவர்கள் வெள்ளைக்கு மாற வேண்டி வந்தது. கைதிச் சட்டையில் கோடு வந்ததற்குப் பின்னாலும் இந்தப் பழைய பார்வை இருக்கிறது. அப்படிப்பட்ட கோட்டுக்கு, ஊர் மெச்சியும் ஊர் ஒதுக்கியும் வைத்த ஒருத்தியின் பெயர் வந்து சேர்ந்தது.

நம் ஊர்க் கோடு இவ்வளவு பாவம் சுமக்கவில்லை. புலிக்கு வரி, அணிலுக்குக் கோடு, திருநீற்றுக்குப் பட்டை, தாத்தாவின் காடாத்துணி அரை டிராயருக்குப் பட்டாபட்டி. பட்டாபட்டியைப் பார்த்துச் சிரித்தவர்கள் உண்டு, யாரும் நெருப்பில் போடச் சொல்லவில்லை.

பாவும் ஊடையும்

பயாதேரைச் சரியாகப் புரிந்துகொள்ள ஒரு தறி முன்னால் ஐந்து நிமிஷம் நின்றால் போதும். கடலூர் மாவட்டத்தில் அதற்கு வெகுதூரம் போக வேண்டாம். கைலிக்குப் பெயர்போன குறிஞ்சிப்பாடி இருக்கிறது.

தறியில் நீளவாக்கில் இழுத்துக் கட்டியிருப்பது பாவு. நாடா இடமும் வலமுமாக ஓடி, குறுக்கே கோத்துக்கொண்டு போவது ஊடை. பாவிலேயே நிறம் மாற்றிக் கட்டிவிட்டால் நெடுக்குக் கோடு விழும். ஒருமுறை கட்டியாயிற்றென்றால் அந்தப் பாவு தீரும் வரை அதே கோடுதான். ஊடையில் நிறம் மாற்றினால் குறுக்குக் கோடு. இதற்கு நாடாவை மாற்றிப் போட்டால் போதும். ஆனால் சிவப்பு எத்தனை இழை, பச்சை எத்தனை இழை என்ற கணக்கு நெய்கிறவர் தலையில் ஓடிக்கொண்டே இருக்க வேண்டும். நாலு இழை தவறினாலும் கோட்டின் அகலம் காட்டிக்கொடுத்துவிடும். இரண்டு கோடும் சேர்ந்தால் கட்டம், அது கைலி. ஊடையில் மட்டும் நிறம் மாறி, ஒரு கரையிலிருந்து மறு கரை வரை ஓடினால் அதுதான் பயாதேர்.

பாரிஸ் தையற்காரர்கள் துணியை நீளவாக்கில் தொங்கவிட்டுப் பாவாடை தைத்தார்கள். அதனால் ஊடைக்கோடு உடம்பைச் சுற்றி வளையமாக வந்தது. புடவை அப்படி இல்லை. அதை நீளவாக்கில் உடம்பைச் சுற்றிக் கட்டுகிறார்கள். அதே ஊடைக்கோடு புடவையின் உடலில் இருந்தால், கட்டியவுடன் தலைமுதல் கால்வரை போகும் திசையில் நிமிர்ந்து நின்றுவிடும். கொசுவத்தில் மடிந்து கீழே இறங்கும். சுற்றி ஓடுவது பாவுத் திசையில் போகும் கரை மட்டுமே. பாரிசில் பெண்ணைச் சுற்றிய கோடு, பயாதேர்களின் சொந்த ஊரில் புடவைக்குப் போனால் எழுந்து நிற்கிறது.

ஒரே இடத்தில்தான் அது படுத்திருக்கும். தோளில் போட்டு முதுகுப்பக்கம் தொங்கவிடும் முந்தானையில். அங்கே துணி மேலிருந்து கீழே தொங்குவதால் ஊடைக்கோடு குறுக்கே விழுகிறது. ஔஷதகிரிப் படிகளில் முன்னால் ஏறிப் போகிறவரின் முதுகில் தெரிவது அதுதான்.

பெயர் சொன்ன கல்

தமிழ்ச் சொல் ஒன்று இந்த பயாதேருக்குச் சற்றும் சளைத்ததில்லை. ‘வரி’. கோடு என்ற பொருளில் அது வரிக்குதிரையிலும் வரிப்புலியிலும் இருக்கிறது. எழுதிய வரியிலும் இருக்கிறது. அரசாங்கத்துக்குக் கட்டுவதும் வரி. அந்தப் பொருளை யாருக்கும் விளக்கத் தேவையில்லை. பழந்தமிழில் வரி என்றால் பாட்டும்கூட, கூத்தும்கூட. கடலூருக்குத் தெற்கே அதே கடற்கரையில் இருக்கும் புகாரில், மாதவியும் கோவலனும் யாழோடு பாடியது கானல்வரி. மாதவி ஆடியதாகச் சிலப்பதிகாரத்தின் வேனிற்காதை எட்டு வகை வரிக்கூத்துகளை அடுக்குகிறது. போர்ச்சுக்கீசியச் சொல்லுக்கும் தமிழ்ச் சொல்லுக்கும் வேரில் எந்தச் சம்பந்தமும் இல்லை. ஆனாலும் துணியின் கோட்டையும் பெண்ணின் ஆட்டத்தையும் ஒரே சொல்லுக்குள் வைத்திருப்பதில் இரண்டும் ஒத்துப்போகின்றன.

வேறொன்றில் ஒத்துப்போகவில்லை. தஞ்சைப் பெரிய கோயிலுக்குப் போகிறவர்கள் வெளிச்சுவரின் எழுத்துகளில் ஒரு நீண்ட பட்டியலைப் பார்க்கலாம். ஏறக்குறைய ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் ராஜராஜ சோழன், பல ஊர்க் கோயில்களிலிருந்து 400 ஆடல்பெண்டுகளை வரவழைத்துக் குடியமர்த்திய விவரம் அது. தளிச்சேரிப் பெண்டுகள் என்று கல்வெட்டு சொல்கிறது. ஒவ்வொருத்திக்கும் பெயர் உண்டு. எந்த ஊர், எந்தக் கோயிலிலிருந்து வந்தாள் என்று உண்டு. எந்தச் சிறகில் எத்தனையாவது வீடு என்று உண்டு. ஆளுக்கு ஆண்டுக்கு நூறு கலம் நெல் என்று சம்பளமும் உண்டு. அரசன் கணக்கெழுதினான், எனவே எல்லாம் சுகமாக இருந்தது என்று அர்த்தமில்லை. பிற்காலத்தில் அந்த முறை எங்கே போய் நின்றது என்பதும், டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி அதை எதிர்த்து ஏன் அவ்வளவு போராடினார் என்பதும், 1947-இல் சென்னை மாகாணத்தில் சட்டம் வந்ததும் தெரிந்த கதை. அவர்கள் ஆடிய சதிர், பரதநாட்டியம் என்று பெயர் மாறி வேறு வீடுகளுக்குப் போனது. ஆனால் கல்லில் வெட்டியவன் பெயரைத் தப்பாக வெட்டவில்லை.

பாரிசுக்குப் போன பயணத்தில் பெயர்தான் முதலில் தொலைந்தது. வேதம் வேய்தூனாகி, வேய்தூன் பயாதேராகி, பயாதேர் பாவாடைக் கோடாகிவிட்டது. 1877-இல் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் மாரியுஸ் பெதிபா ‘லா பயாதேர்’ என்ற பாலேவை அரங்கேற்றினார். இன்றும் உலகத்தின் பெரிய மேடைகளில் ஆடப்படுகிறது. கதாநாயகி கோயில் நடனப்பெண், பெயர் நிக்கியா. அந்தப் பெயரைத் திருவந்திபுரத்தில் சொல்லி விசாரித்தால், எந்த ஊர்ப் பெண் என்று திருப்பிக் கேட்பார்கள்.

முகூர்த்தம் முடிந்த பிறகு, பத்து மணிக்கு மேல் திருவந்திபுரத்தில் கூட்டம் சற்றே கலையும். அப்போது கோயிலுக்குள் நிதானமாகப் போய் வரலாம். தேவநாத சுவாமி, செங்கமலவல்லித் தாயார் சன்னதிகளைச் சேவித்துவிட்டு, கெடிலத்தின் கரையில் கொஞ்ச நேரம் நிற்கலாம். மழைக்காலம் தவிர ஆற்றில் தண்ணீரைவிட மணல்தான் அதிகம். புதுச்சேரி பஸ் பிடிக்கிறவர்கள் கடலூர் போய் மாற வேண்டும். அந்த எட்டுப் பேரும் 1838-இல் புதுச்சேரிக்குப் போன வழியும் ஏறக்குறைய அதுதான்.

மலைமேல் இன்னும் சில கல்யாணங்கள் பாக்கி இருக்கும். தாலி ஏறிய பெண்கள் ஒவ்வொருவராக, மாப்பிள்ளையின் விரலைப் பிடித்துக்கொண்டு 74 படிகளில் இறங்கி வருவார்கள். கீழே போட்டோக்காரர் கேமராவோடு அவசரப்படுத்துவார். பட்டுப் புடவை காலில் தட்டுகிறது. பின்னால் வரும் அத்தை “பாத்து எறங்குடி” என்று குரல் கொடுப்பாள். பெண் ஒரு படியில் நின்று, முதுகில் கிடக்கும் முந்தானையை முன்னால் இழுத்து, இடுப்பைச் சுற்றிச் செருகிக்கொள்வாள். அதுவரை படுத்திருந்த கோடுகள் அப்போது எழுந்து நிற்கும்.